கையெழுத்து வைக்க முதல்

கேள்வி: நாலு மாதத்துக்கு முன் என் கணவர் வேலை முடிந்து மோட்டார் சைக்கிளில் வரும்போது கண்டி வீதியில் டிப்பர் மோதி இறந்துவிட்டார். வயது 38. ஹாட்வெயார் கடையில் வேலை, சம்பளம் 55,000, கையில்தான் கொடுப்பார்கள். அதில் 40,000 வீட்டுக்குத் தருவார். பிள்ளைகளுக்கு 9 வயதும் 5 வயதும். அந்தியேட்டி முடிந்த கையோடு டிப்பர் முதலாளியின் ஆட்கள் வந்து, மூன்று இலட்சம் தருகிறோம், இனி ஒரு கோரிக்கையும் இல்லை என்று எழுதித் தாருங்கள் என்கிறார்கள். மாமா வாங்கச் சொல்கிறார். உயிருக்கு விலை பேசுவதா என்று எனக்கு மனம் வரவில்லை. அவர் ஹெல்மெட் பட்டி போட்டிருக்கவில்லை என்றும் ஒரு கதை. என்ன செய்ய?
- ஒரு வாசகி, கொடிகாமம்

தங்கச்சி, முதலில் ஒன்று, அந்தக் கடதாசியில் இப்போது கையெழுத்து வைக்காதீர்கள். மாமா உங்கள் நல்லதுக்குத்தான் சொல்கிறார், அது தெரிகிறது. ஆனால் உங்கள் கணவர் வீட்டுக்குத் தந்தது மாதம் 40,000 என்றால் அந்த மூன்று இலட்சம் ஏழரை மாதக் காசு. உங்கள் சின்னவனுக்கோ சின்னவளுக்கோ இப்போதுதான் 5 வயது.

உயிருக்கு விலை பேசுவதாக நினைக்க வேண்டாம். நீங்கள் கேட்கப்போவது அவர் இருந்திருந்தால் இந்த வீட்டுக்கு வந்திருக்கும் அரிசியும் கொப்பியும் பள்ளிக்கூடச் சப்பாத்தும்தான். நீதிமன்றமும் அப்படித்தான் பார்க்கும்: என்ன உழைத்தார், தன் செலவு போக வீட்டுக்கு எவ்வளவு தந்தார், இன்னும் எத்தனை வருஷம் உழைத்திருப்பார். துணையை இழந்த துயரத்துக்கு முந்தி நம் நாட்டில் நட்டஈடு கிடையாது. 2019ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டம் வந்த பிறகு அதையும் சேர்த்துக் கேட்கலாம்.

இரண்டு வழக்கையும் போட்டுக் குழப்பாதீர்கள். சாரதிக்கு எதிராக நீதவான் நீதிமன்றத்தில் நடப்பது பொலிஸின் வழக்கு. அங்கே நீதவான் உங்களுக்கு ஒரு தொகை கொடுக்கச் சொல்லலாம், ஆனால் அதை நம்பி இருக்க முடியாது. குடும்பத்தோடு சமாதானமாகிவிட்டோம் என்று அங்கே காட்டினால் தண்டனை குறையலாம் என்பதால்தான் இப்படியான ஆட்கள் பெரும்பாலும் அவசரப்படுவார்கள். உங்களுடைய நட்டஈட்டு வழக்கு வேறு, அது மாவட்ட நீதிமன்றத்தில், விபத்து நடந்து இரண்டு வருஷத்துக்குள் போட வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு அம்மா, நீதவான் வழக்கு முடியட்டும் என்று பார்த்துக்கொண்டே இருந்து, சட்டத்தரணியிடம் போனபோது இரண்டு வருஷமும் மூன்று கிழமையும் ஆகிவிட்டது. அந்த மூன்று கிழமையை அவர் இன்றைக்கும் விரல் விட்டு எண்ணுவார்.

டிப்பருக்கு மூன்றாம் தரப்புக் காப்புறுதி இருந்தே ஆக வேண்டும், 1951ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் அதைக் கட்டாயமாக்கியிருக்கிறது. ஆகவே முதலாளியின் கையில் காசு இருக்கிறதா இல்லையா என்பது உங்கள் கவலையில்லை, தீர்ப்பு வந்தால் காப்புறுதிக் கம்பனி கட்ட வேண்டும். ஆனால் வழக்குப் போட முதல், அல்லது போட்டு 7 நாளுக்குள், அந்தக் கம்பனிக்கு அறிவித்தல் போயிருக்க வேண்டும். அது தவறினால் கம்பனி தப்பிவிடும். உங்கள் சட்டத்தரணியிடம் இதை வாய் விட்டுக் கேளுங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை.

ஹெல்மெட் பட்டி விஷயம்: அவரிலும் பிழை இருந்தது என்று நீதிமன்றம் கண்டால் அந்தப் பங்கைக் கழிக்கும், உரிமை அழிந்துபோகாது. 1968ஆம் ஆண்டிலிருந்தே சட்டம் அப்படித்தான். இதைச் சொல்லி உங்களைப் பயப்படுத்த விடாதீர்கள்.

இன்னொன்று, பலருக்குத் தெரியாது. அவர் வேலை முடிந்துதானே வந்தார்? வேலையாட்கள் நட்டஈட்டுச் சட்டத்தை 2022இல் திருத்தியபோது வேலைக்குப் போகிற வருகிற வழியில் நடக்கும் விபத்தையும் சேர்த்தார்கள், உச்சத் தொகையையும் 20 இலட்சமாக்கினார்கள். கடை முதலாளி நல்ல மனிதராக இருக்கலாம், அவரோடு முகம் முறியாமல் கதைக்கலாம், ஆனால் தொழில் அலுவலகத்தில் கட்டாயம் விசாரியுங்கள். சேமலாப நிதி கட்டினார்களா என்பதையும் அங்கேயே கேட்டுவிடுங்கள்.

இனி செய்ய வேண்டியது. மரணச் சான்றிதழ், திடீர் மரண விசாரணை அறிக்கை, பிரேத பரிசோதனை அறிக்கை, பொலிஸ் முறைப்பாட்டுப் பிரதி, நீதிமன்றத்தில் பொலிஸ் போட்ட பி அறிக்கை, எல்லாவற்றையும் ஒரு ஃபைலில் போடுங்கள். சம்பளச் சீட்டு இல்லையென்று சோரவேண்டாம். சேட்டுப் பொக்கற்றில் வைத்திருந்த சின்னக் கொப்பி, கடையில் வாங்கின அட்வான்ஸைப் பென்சிலால் எழுதி வைக்கிற பழக்கம் எத்தனையோ பேருக்கு உண்டு, அப்படி ஏதும் இருக்கிறதா தேடுங்கள். சீட்டுக் கட்டின துண்டு, மோட்டார் சைக்கிள் லீசிங் ரசீது, வங்கிப் புத்தகம், எல்லாமே சாட்சிதான். சட்டத்தரணிக்குக் காசில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் யாழ்ப்பாண அலுவலகத்துக்குப் போங்கள், வருமானம் குறைந்தவர்களுக்கு உதவத்தான் அது இருக்கிறது.

வழக்கு இழுபடும், பொய் சொல்ல மாட்டேன், வருஷக்கணக்கில் போகலாம். நடுவில் சமாதானமாகவும் முடிக்கலாம், ஆனால் அப்போது உங்கள் பக்கத்திலும் ஒரு சட்டத்தரணி இருப்பார். அந்த ஆட்கள் திரும்ப வந்தால் கடதாசியின் ஒரு பிரதியை மட்டும் வாங்கி வைத்துக்கொண்டு, காட்டிவிட்டுச் சொல்கிறேன் என்று அனுப்பிவிடுங்கள்.