நிலத்தைப் பிரிப்பதற்கு முன்

வணக்கம் ஐயா. மகன் பல வருடமாகக் கூடவே நின்று பண்ணையைப் பார்க்கிறார், வெளியூரில் வேலையிலிருக்கும் மகளுக்கும் அநியாயம் நடக்கக்கூடாது, நிலத்தைச் சரிபாதியாகப் பிரித்துவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

தயவுசெய்து அவசரப்படாதீர்கள். கிணறு ஒரு பக்கம், மாட்டுக்கொட்டகை ஒரு பக்கம் என்று போய்விட்டால் இரண்டு துண்டுமே தனியாகப் பிழைக்காது. நிலம் யாருக்கு, நிர்வாகம் யாரிடம், வருமானத்தில் யாருக்கு எவ்வளவு என்பவை மூன்று தனிக் கேள்விகள். ஒரே கையெழுத்தில் முடிக்க வேண்டியதில்லை.

முதலில் கணக்கு. வீட்டுச் செலவைத் தனியாக எடுத்துவிட்டு, குடும்பத்தாரின் உழைப்புக்கும் கூலி போட்டுப் பாருங்கள். அதற்குப் பிறகும் மிச்சம் நிற்கிறதா? உங்கள் முதுமைச் செலவு, மகளின் பங்கு எல்லாவற்றையும் அந்த மிச்சம்தான் தாங்க வேண்டும்.

மகன் இத்தனை வருடம் சம்பளம் வாங்காமல் உழைத்திருந்தால் பங்கு பேசும்போது அதையும் சேர்க்க வேண்டும். நிறைய வீடுகளில் இதை விட்டுவிடுகிறார்கள். மனக்கசப்பு அங்கேதான் தொடங்குகிறது. மகளுக்கு நிலமாகத்தான் தர வேண்டும் என்றில்லை. குத்தகைப் பணமாகவோ தவணையாகவோ தரலாம், ஆனால் எழுத்தில் இருக்கட்டும். பத்திரம் போடுமுன் வக்கீலையும் வரி ஆலோசகரையும் பார்த்துவிடுங்கள்.

அப்புறம், நிர்வாகத்தை இப்போதே கொஞ்சம் கொஞ்சமாக விடுங்கள். இந்தப் பருவம் விதை, உரம் வாங்குவதும் விலை பேசுவதும் மகன் பொறுப்பு. வங்கிக் கணக்கு அடுத்த வருடம். அவர் முடிவு தப்பினாலும் நீங்கள் பக்கத்தில் இருக்கும்போதே தப்பட்டும்.

மகள் என்ன எதிர்பார்க்கிறார் என்று கேட்டீர்களா? நீங்கள் எழுதியதில் அது இல்லை. இருவரையும் ஒன்றாக உட்காரவைத்துக் கேளுங்கள்.