பீஎச் தெரியும், அமில மாறிலி எப்படி?

கேள்வி: லீற்றருக்கு 0.10 மூல் அசற்றிக் அமிலக் கரைசலின் பீஎச் 2.88. பிரிகை மாறிலியை (அமிலம் எந்தளவு அயன்களாகப் பிரிகிறது என்பதைக் காட்டும் அமில மாறிலி) கணிக்கும்போது, பிரிந்த அளவைத் தொடக்கச் செறிவிலிருந்து கழிக்கத்தான் வேண்டுமா? கழிக்காமலும் ஏறக்குறைய அதே விடை வருகிறதே!
– உயர்தர மாணவி, உவர்மலை, திருகோணமலை

பதில்: கழித்துவிடுங்கள் தங்கச்சி, ஒரு வரிதானே. முதலில் 10-இன் அடுக்கு -2.88 எடுங்கள்: 1.32 × 10⁻³. இதுதான் லீற்றருக்கு மூலில் ஐதரசன் அயன் செறிவு. (கல்குலேற்றரில் கழித்தல் குறியை விட்டால் 758 வரும். லீற்றருக்கு 758 மூல் ஐதரசன் அயனா!) அசற்றேற்று அயனும் அதே அளவுதான். பிரியாமல் மிஞ்சிய அமிலம் 0.10 - 0.00132 = 0.0987. மாறிலி என்பது இரு அயன் செறிவுகளையும் பெருக்கி, பிரியாத அமிலத்தின் செறிவால் வகுப்பது. ஆகவே அது (1.32 × 10⁻³)² ÷ 0.0987, அதாவது 1.76 × 10⁻⁵.

கழிக்காவிட்டால் 1.74 × 10⁻⁵. இங்கே தப்பிவிட்டீர்கள், ஏனெனில் பிரிந்தது 1.3 சதவீதம்தான். இதே செறிவில் குளோரோ அசற்றிக் அமிலத்தின் பீஎச் ஏறக்குறைய 1.95, பிரிந்தது 11 சதவீதம். கழித்தால் 1.42 × 10⁻³, கழிக்காவிட்டால் 1.26 × 10⁻³. மாட்டிக்கொள்வீர்கள்.

ஆய்வுகூடத்தில் இதைவிடப் பெரிய வில்லன் பீஎச் மானி. ஐதரசன் அயன் செறிவு வர்க்கமாகிறதால், வாசிப்பு 0.1 குறைந்து 2.78 காட்டினாலே மாறிலி 2.8 × 10⁻⁵ ஆகிவிடும். பீஎச் 4, 7 தாங்கற் கரைசல்களில் (பீஎச் எளிதில் மாறாத கரைசல்கள்) மானியைச் சரிபார்த்த பிறகே அளவுங்கள். நம்மூர் வெக்கையில் கரைசல் 30 பாகையைத் தாண்டியிருக்கும். மானியில் வெப்பநிலையை 25-இலேயே விட்டுவிடாதீர்கள்.

அசற்றிக் அமிலத்துக்குக் கடை வினாகிரியை எடுத்தால், முதலில் செறிவு தெரிந்த சோடியம் ஐதரொட்சைட்டால் நியமித்து (நடுநிலையாகும் வரை சேர்த்து அளந்து) அதன் செறிவைக் கண்டுபிடியுங்கள்.