பக்கத்து வீட்டுக்காரர் நிஜமாகவே ரேஸ் ஓட்டுகிறாரா?

அமெரிக்காவில் கனெக்டிகட் மாநிலத்து ஹார்ட்ஃபோர்டுக்கு வந்து மூன்று மாதம். பக்கத்து வீட்டு பிளம்பர் இருபது வருஷமாக ரேஸ் ஓட்டுகிறேன் என்கிறார். வெள்ளிக்கிழமை ஸ்டாஃபோர்டு கார் பந்தயத் தடத்துக்குக் குடும்பத்தோடு கூப்பிடுகிறார். டிவியில் ஒருநாளும் பார்த்ததில்லையே, சும்மா அளக்கிறாரா, ஐந்து வயதுப் பையனோடு போகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். அளக்கவில்லை தம்பி. தாராளமாகப் போங்கள்.

வந்த புதிதில் எனக்கும் இதே சந்தேகம்தான். ரேஸ் ஓட்டுகிறவன் வந்து வீட்டில் ஹீட்டர் மாட்டுவானா? இந்த ஊரில் மாட்டுவான். டேடோனா மாதிரி பெரிய தடங்களில் நடக்கும் நாஸ்கார் கப் தொடரைத்தான் டிவியில் பார்க்கிறோம்; அமெரிக்க ஸ்டாக் கார் பந்தயத்தின் உச்சம் அது. அதற்குக் கீழே ஊருக்கு ஊர் சின்னத் தடங்கள் உண்டு. ஸ்டாஃபோர்டு ஸ்பிரிங்ஸில் இருப்பது அரை மைல் ஓவல், அதாவது முட்டை வடிவத் தடம். கோடை முழுக்க வெள்ளி இரவுகளில் ஓடும். இந்தப் பக்கத்துக்காரர்களுக்கு உயிர் 'மாடிஃபைடு' என்கிற வண்டி. தாழ்ந்த உடம்பு, அகலமான சக்கரங்கள் நாலும் வெளியே துருத்திக்கொண்டிருக்கும். முதலில் பார்த்தபோது விபத்தில் பாதி உடைந்த கார் என்றே நினைத்தேன்.

பணம் சம்பாதிக்கிறாரா என்று அவரிடம் கேட்டுவிடாதீர்கள். ஒரு ராத்திரி ஓடிக் கிடைக்கும் பரிசு பல நேரம் டயருக்கே காணாது. வண்டியின் பக்கவாட்டில் ஒட்டியிருக்கும் பெயர்களைப் பாருங்கள்: பீட்சா கடை, கூரை வேலைக்காரர், மச்சானின் மெக்கானிக் ஷெட். ஸ்பான்சர் என்றால் அவ்வளவுதான். மீதி சொந்தக் காசு.

என்னோடு வேலை பார்த்த ஒருவர் வீட்டு கராஜுக்கு ஒரு வியாழன் மாலை போயிருந்தேன். தையல்காரர் மாதிரி டேப்பை டயரைச் சுற்றிப் பிடித்துக்கொண்டிருந்தார். வலது டயரின் சுற்றளவு இடதைவிடக் கொஞ்சம் கூடுதலாக இருக்க வேண்டுமாம். அப்போதுதான் வண்டி தானாகவே இடப்பக்கம் திரும்பப் பார்க்கும். ஓவலில் இடது வளைவு மட்டும்தானே. காற்றைக் கொஞ்சம் ஏற்றுவார், அளப்பார், சாக்பீஸால் டயர் மேலேயே எழுதுவார். ஒன்பது மணிக்கு அவர் மனைவி சாப்பாட்டுத் தட்டை டூல்பாக்ஸ் மேல் வைத்துவிட்டுப் பேசாமல் போனார். அந்த வீட்டில் அது வாராவாரம் நடப்பது போலிருக்கிறது.

மேலே போக முடியாதவர்கள்தான் இங்கே ஓட்டுகிறார்கள் என்றும் நினைக்காதீர்கள். ரிச்சி எவான்ஸ் என்று ஒருவர், நியூயார்க் மாநிலத்து ரோம் ஊர்க்காரர். ஆரஞ்சு வண்டி, எண் 61. 1973-ல் ஒன்று, 1978 முதல் 1985 வரை தொடர்ந்து எட்டு என ஒன்பது தேசிய மாடிஃபைடு பட்டம். 1979-ல் 60 பந்தயத்தில் 37 வெற்றி! கடைசிப் பட்டத்தை உறுதி செய்த பிறகு, அதே 1985 அக்டோபரில், மார்ட்டின்ஸ்வில் தடத்தில் பயிற்சி ஓட்டத்தின்போது சுவரில் மோதி இறந்தார். 44 வயது. 2012-ல் நாஸ்கார் புகழ் மண்டபத்தில் சேர்த்தார்கள். (நம்ம கோவை நரேன் கார்த்திகேயன் 2010-ல் நாஸ்கார் டிரக் பந்தயத்தில் முதன்முதலாக ஓட்டியதும் அதே மார்ட்டின்ஸ்வில்லில்தான். பக்கத்து வீட்டுக்காரரிடம் சொல்லிப் பாருங்கள், பேச்சு நிற்காது.)

மேலே போனவர்களும் உண்டு. ஜோயி லொகானோ இங்கே மிடில்டவுனில் பிறந்தவர். மூன்று முறை கப் சாம்பியன். ஆனால் எனக்குப் பிடித்தவர் நம் கனெக்டிகட்டிலேயே இருக்கும் பெர்லின் ஊர் ரயன் ப்ரீஸ். 2013 மாடிஃபைடு சாம்பியன். 2016-ல் கப்புக்கு அடுத்த தொடரில் வசதி குறைந்த அணிக்கு ஒரு சீசன் முழுக்க ஓட்டிப் பின்னால் பின்னால் வந்தார். அடுத்த வருஷம் மாடிஃபைடுக்கே திரும்பினார்; கையில் திரட்டிய ஸ்பான்சர் பணத்தை ஒரு நல்ல அணியின் காரில் இரண்டே பந்தயத்துக்குப் போட்டார். ஒன்றில் இரண்டாமிடம், அயோவாவில் முதலிடம். 2019-ல் கப் தொடருக்கே போய்விட்டார். நம் ஊரில் இருந்தால் இதைச் சூதாட்டம் என்று திட்டியிருப்போம்.

சரி, வெள்ளிக்கிழமைக்கு வருவோம். பையனுக்குக் காதை முழுக்க மூடும் ஹெட்போன் மாதிரி காதுமூடி வாங்குங்கள். பஞ்சு போதாது, சத்தம் நெஞ்சுக்குள் அடிக்கும். மேல் வரிசையில் உட்காருங்கள், கீழே ரப்பர் துகள் தெறிக்கும். ஜூனாக இருந்தாலும் ஒரு போர்வை வேண்டும். வண்டிகளைத் தயார் செய்யும் பிட் பக்கம் உதவிக்குக் கூப்பிட்டால் ஆசைக்குப் போகலாம், ஆனால் எச்-1பி வேலை விசாவில் இருக்கிறீர்கள், காசாக எதையும் கையில் வாங்காதீர்கள்.

அப்புறம், சனிக்கிழமை காலையில் அவர் கராஜ் திறந்திருந்தால் ஜெயித்தீர்களா என்று கேட்க வேண்டாம். வண்டி எப்படி இருக்கிறது என்று கேளுங்கள். அவரே காட்டுவார்.