சிரித்துக்கொண்டே சொன்ன சாரி

வணக்கம் ஐயா,

என் மகளுக்கு மூன்று வயது. தம்பி பிறந்ததிலிருந்து அவனைக் கிள்ளுகிறாள். சாரி சொல்லு என்றால் சிரித்துக்கொண்டே சொல்கிறாள். மனசாட்சி ஐந்தாறு வயதில் உருவாகிறது என்று உளப்பகுப்பாய்வாளர் ஃப்ராய்ட் சொன்னதாகப் படித்தேன். அதற்குள் கண்டித்துத் திருத்திவிட வேண்டுமா? நீதிக்கதைகள் உதவுமா? ஈடிபஸ் சிக்கல் உண்மையா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

பிள்ளைக்கு அம்மாமேல் ஆசை, அப்பாமேல் பொறாமை என்கிற அந்த ஈடிபஸை இப்போதைக்கு விடுங்கள். கதை சொல்லுங்கள், நீதி இல்லாவிட்டாலும் பரவாயில்லை.

கொஞ்ச நாளாக, குழந்தைகளின் மனதை ஆராய்ந்த உளப்பகுப்பாய்வாளர் மெலனி க்ளைனைப் படித்துக்கொண்டிருக்கிறேன். 1923இல் பெர்லினில் ரீட்டா என்ற குழந்தைக்கு அவர் சிகிச்சை அளித்தார். வயது இரண்டே முக்கால். அவளுக்கும் ஒரு தம்பி. படப்புத்தகத்துக் கரடியை அப்பா விளையாட்டாக மிரட்டினால்கூட இவள் அழுதுவிடுவாள். பொம்மைக்கு அம்மாவாக விளையாடத் துணிவில்லை. தடுத்தது வீட்டிலிருந்த அம்மா அல்ல. அவள் மனதுக்குள் இருந்த, நிஜ அம்மாவைவிடப் பல மடங்கு கொடூரமான இன்னொரு அம்மா என்றார் க்ளைன். அந்த அம்மாவுக்குப் பல்லும் நகமும் கொடுத்தது குழந்தையின் சொந்த ஆத்திரம்தான்.

ஃப்ராய்ட் ஐந்தாறு வயதில் வைத்த சூப்பர் ஈகோவை, அதாவது உள்ளிருந்து கண்டிக்கும் மனசாட்சியை, க்ளைன் இரண்டு வயதிலேயே பார்த்தார். ஃப்ராய்டின் மகளும் குழந்தைகளின் உளப்பகுப்பாய்வாளருமான அன்னா ஃப்ராய்ட் இதை ஏற்கவில்லை. இரண்டாம் உலகப் போர்க்கால லண்டனில் இரண்டு தரப்பும் இதையும் சேர்த்துத்தான் மோதிக்கொண்டன. அது பெரிய கதை.

ஆனால் 1930இல் ஃப்ராய்டே எழுதினார்: பெற்றோர் எவ்வளவு கடுமையோ அவ்வளவு கடுமையாகப் பிள்ளையின் மனசாட்சி இருக்கும் என்பதில்லை. செல்லமாக வளர்ந்த பிள்ளைக்கும் கொடிய மனசாட்சி வாய்க்கலாம். க்ளைன் இதைச் சரியாகவே வலியுறுத்தினார் என்று பெயர் சொல்லியே குறிப்பிடுகிறார். வளர்ப்புக்கும் பங்குண்டு என்றும் சேர்த்துக்கொள்கிறார். சரி, அதற்காக நீங்கள் ஸ்கேலைத் தேட வேண்டாம். உள்ளே ஏற்கெனவே ஒரு வாத்தியார் உட்கார்ந்து அடித்துக்கொண்டிருக்கும்போது வெளியே இன்னொருவர் எதற்கு?

சிரித்தாள் என்பதை வைத்து அவளுக்கு உறுத்தலே இல்லை என்று எப்படி முடிவுகட்டினீர்கள்? ராத்திரி எப்படித் தூங்குகிறாள் என்று ஒரு வரிகூட எழுதவில்லையே! ரீட்டாவைப் படுக்கையில் போர்வையால் இறுக்கிச் சுற்ற வேண்டியிருந்தது. இல்லையென்றால் ஜன்னல் வழியாக எலி வந்து கடித்துவிடுமாம். பகலில் தெரியாதது ராத்திரி வெளியே வரும். கண்டிப்பு கூடினால் அந்த எலிக்குத்தான் கொண்டாட்டம்.

கிள்ளிய கொஞ்ச நேரத்தில் பாதி கடித்த பிஸ்கட்டைத் தம்பியிடம் நீட்டுகிறாளா என்று பாருங்கள். உடைத்ததைச் சரிசெய்யும் இந்த ஆசைக்கு க்ளைன் பெரிய இடம் கொடுத்தார். எச்சில் என்று தட்டிவிடாதீர்கள். கைக்குழந்தைக்கு ஊட்ட முடியாது, உண்மைதான். அவள் பார்க்க நீங்களாவது வாங்கித் தின்னுங்கள்.