கப்பல் பீரங்கிக்குக் குறி கணித்த பல்சக்கரப் பெட்டியைக் கம்ப்யூட்டர் என்பது கொஞ்சம் ஓவர் இல்லையா?

இதே வார்த்தையை என் மாப்பிள்ளை லண்டனில் வைத்து என் முகத்துக்கு நேரே சொன்னார். அதனால்தான் இந்தக் கேள்வியைப் பார்த்ததும் உட்கார்ந்து எழுதுகிறேன். நீங்களும் ஐடி துறையில் இருப்பவர் என்று நினைக்கிறேன். இல்லையென்றால் மன்னிக்கவும்.

எனக்கும் கடற்படைக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. 31 வருடம் மின் மீட்டர் சோதனைக்கூடத்தில் வேலை பார்த்தவன். திண்ணைச் சுவரில் கறுப்புப் பெட்டி, உள்ளே அலுமினியத் தட்டு சுற்றுமே, அந்த மீட்டர்தான். பிரிப்பது, துடைப்பது, ஸ்டாப்வாட்சை வைத்துச் சுற்று எண்ணுவது, சீல் அடிப்பது. அவ்வளவுதான் என் தகுதி. "மீட்டர்காரனுக்குப் பீரங்கியைப் பற்றி என்ன தெரியும்" என்று பின்னூட்டம் போட நினைப்பவர்கள் கடைசி வரை படித்துவிட்டுப் போடுங்கள்.

மகள் வீட்டுக்குப் போயிருந்தபோது எச்.எம்.எஸ். பெல்ஃபாஸ்ட் கப்பலுக்குக் கூட்டிப்போனார்கள். டவர் பிரிட்ஜ் பக்கத்தில் தேம்ஸ் நதியில் நிற்கிறது. 1943 டிசம்பரில் ஷார்ன்ஹார்ஸ்ட் என்ற ஜெர்மன் கப்பலை மூழ்கடித்த சண்டையில் இருந்தது. எனக்கு முழங்கால் வலி. அந்தச் செங்குத்து ஏணிகளில் இறங்குவதற்குள் உயிர் போய்விட்டது. ஆனால் அடியில் ஓர் அறையில் பீரங்கிக்குக் குறி கணிக்கும் அந்த மேசையைப் பார்த்ததும் வலி மறந்துபோனது. மேசை என்றால் சாப்பாட்டு மேசை இல்லை. சுற்றிலும் முள்கள், எண்தட்டுகள், கைப்பிடிகள், உள்ளே முழுக்கப் பல்சக்கரமும் தண்டும். மாப்பிள்ளை எட்டிப் பார்த்துவிட்டு, "மாமா, இது கியர்பாக்ஸ். இதைப் போய் கம்ப்யூட்டர்ங்கறாங்க" என்று சிரித்தார். பேத்தியும் சேர்ந்து சிரித்தாள்.

நான் அங்கே ஒன்றும் பேசவில்லை. இங்கே பேசுகிறேன்.

1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் வந்து சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டது நம் எல்லோருக்கும் தெரிந்த கதை. கெட்டிக்காரனை இன்றைக்கும் "சரியான எம்டன்" என்கிறோம். ஆனால் ஒன்று, தொட்டி எங்கேயும் ஓடாது. கிட்ட வந்து, விளக்கடித்துப் பார்த்துச் சுட்டால் போதும். எதிரே இருப்பது 30 நாட் (மணிக்குச் சுமார் 55 கி.மீ.) வேகத்தில் ஓடும் கப்பல் என்றால் கதையே வேறு. குண்டு காற்றில் அரை நிமிடம் இருந்தால்கூட அதற்குள் அந்தக் கப்பல் 460 மீட்டர் நகர்ந்துவிடும். நம் கப்பலும் ஓடுகிறது. காற்று தள்ளுகிறது. சுட்டுச் சுட்டுப் பீரங்கிக் குழாய் தேய்ந்திருந்தால் குண்டின் வேகம் குறைகிறது. இப்போது கப்பல் எங்கே இருக்கிறது என்பதை விட்டுவிட்டு, குண்டு விழும் நேரத்தில் எங்கே இருக்கும் என்று கணக்கிட வேண்டும். அதுவும் நிறுத்தாமல், நொடிக்கு நொடி.

இதில் முக்கியமான வேலை, மாறும் வேகத்தைத் தொடர்ந்து கூட்டிக்கொண்டே போய்த் தூரமாக்குவது. அதற்கு அவர்கள் வைத்திருந்த பாகம்தான் என்னை அசத்தியது. ஒரு தட்டு கடிகாரம்போல ஒரே சீராகச் சுற்றுகிறது. அதன்மேல் ஓர் எஃகு உருண்டை. உருண்டை தட்டின் நடுவில் இருந்தால் அசையாது. ஓரத்துக்கு நகர்த்த நகர்த்த வேகமாக உருளும். நடுவைத் தாண்டி அந்தப் பக்கம் போனால் திருப்பி உருளும். அந்த உருட்டலை ஓர் உருளை வாங்கிக்கொள்கிறது. உருண்டை நிற்கும் இடம்தான் வேகம், உருளை சுற்றிய அளவுதான் தூரம்! 1876-லேயே கெல்வின் பிரபுவின் அண்ணன் ஜேம்ஸ் தாம்சன் இதைச் சொல்லிவிட்டார். சிக்கல் என்னவென்றால், பாரம் ஏறினால் உருண்டை வழுக்கும். வழுக்கினால் கணக்கு போச்சு. அமெரிக்காவில் ஹன்னிபால் ஃபோர்டு என்பவர் ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு உருண்டை வைத்து, நன்றாக அழுத்திப் பிடித்து, அந்த வழுக்கலை அடக்கினார். மெக்கானிக் வேலை பார்த்தவனுக்குத்தான் இதன் அருமை தெரியும்.

என் மீட்டரும் கிட்டத்தட்ட இதே வேலையைத்தான் செய்கிறது. நீங்கள் எரிக்கும் மின்சாரத்துக்கு ஏற்ற வேகத்தில் தட்டு சுற்றுகிறது, பல்சக்கரம் அதைக் கூட்டி யூனிட்டாகக் காட்டுகிறது. சரி சரி, இரண்டும் ஒன்றே என்று நான் சொல்லவில்லை. இங்கே தட்டின் வேகமே மாறுகிறது, அங்கே தட்டு சீராகச் சுற்ற உருண்டை நகர்கிறது. ஆனால் இரண்டும் கணக்குப் போடுகின்றன. இலக்கம் இல்லாமல் போடுகின்றன, அவ்வளவுதான் வித்தியாசம்.

பெயர் விஷயம். அமெரிக்கக் கடற்படை இதே மாதிரி பீரங்கிக் குறி கணிக்கும் தன் மார்க் 1 கருவிக்கு அதிகாரபூர்வமாகவே கம்ப்யூட்டர் என்றுதான் பெயர் வைத்தது. 1,300 கிலோவுக்கு மேல் எடை. நாம் பின்னால் வந்து ஒட்டிய பட்டம் இல்லை அது. நீங்கள் முதல் கம்ப்யூட்டர் என்று பாடத்தில் படித்த எனியாக் 1946-ல்தான் வெளியுலகுக்கு வந்தது. அதைக் கட்டக் காசு கொடுத்ததும் ராணுவம்தான், பீரங்கி அட்டவணை போடுவதற்காக! 1980-களில் அயோவா வகைப் போர்க்கப்பல்களைத் திரும்ப ஓடவிட்டபோதும் பெரிய பீரங்கிகளுக்கு அந்தப் பழைய பல்சக்கரக் கணக்கையே வைத்துக்கொண்டார்கள். 1991 வளைகுடாப் போரில் அவற்றில் ஒன்றான மிசௌரி சுட்டது அதை வைத்துத்தான். மாப்பிள்ளையின் லேப்டாப் மூன்று வருடம் தாங்குவதில்லை.

பிரிட்டனில் இதற்காக அலைந்தவர் ஆர்தர் போலன். கடற்படை அதிகாரி இல்லை, லைனோடைப் என்ற அச்சுக்கோப்பு இயந்திரக் கம்பெனி நடத்தியவர். 1900-ல் மால்டாவில் பீரங்கிப் பயிற்சியைப் பார்த்தார். கிட்டத்திலேயே சுட்டுப் பழகுகிறார்களே என்று கிளம்பி, இஷர்வுட் என்ற பொறியாளரோடு சேர்ந்து ஆர்கோ கிளாக் என்ற கருவியைச் செய்தார். கடற்படையோ தன் சொந்த அதிகாரி டிரேயரின் மேசையை எடுத்துக்கொண்டது. எது உயர்ந்தது என்று வரலாற்றாளர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள், அந்தச் சண்டைக்கு நான் வரவில்லை. ஆனால் 1925-ல் கண்டுபிடிப்பாளர்களுக்கான ராயல் கமிஷன் போலனுக்கு 30,000 பவுண்டு கொடுத்தது. சும்மாவா கொடுப்பார்கள்?

அதைப் படித்தபோது எனக்கு என் கதை ஞாபகம் வந்தது. லோடு இல்லாமலே சில மீட்டர்களில் தட்டு மெதுவாக ஊரும். அதைத் தடுக்கத்தான் தட்டில் இரண்டு சின்ன ஓட்டை போட்டிருப்பார்கள், அப்படியும் ஊரும். ஒவ்வொன்றாக உட்கார்ந்து பார்ப்பது பெரிய தொல்லை. நான் ஒரு சட்டத்தில் பத்து மீட்டரை வரிசையாக மாட்டி, ஒரு கண்ணாடியைச் சாய்த்து வைத்து, பத்துத் தட்டின் கறுப்புக் குறியையும் ஒரே இடத்தில் உட்கார்ந்து பார்க்கும்படி செய்தேன். செலவு கண்ணாடிக் காசுதான். மேலே இருந்த பொறியாளர் அதைப் படம் வரைந்து தன் பெயரில் அனுப்பி, மேடையேறிச் சான்றிதழ் வாங்கினார். விழாவுக்கு நாற்காலி போட்டது நாங்கள். பெயர் சொல்ல மாட்டேன், அவர் இப்போது இல்லை. அப்புறம் டிஜிட்டல் மீட்டர் வந்தது, என் சட்டத்தையும் மீட்டர்களோடு சேர்த்து எடைக்குப் போட்டார்கள். கண்ணாடியை மட்டும் நான் வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டேன், இப்போது அதில்தான் சவரம்.

கேள்விக்கு வருகிறேன். ஓவர் இல்லை. பிரிட்டிஷ் கப்பல்களில் அந்த மேசையைச் சுற்றி நின்று முள்ளோடு முள்ளைச் சேர்த்துக் கைப்பிடி சுற்றியவர்கள் பெரும்பாலும் கப்பலின் பாண்டு வாத்தியக்காரர்கள். அவர்களுக்குக் கணக்கு தெரிய வேண்டியதில்லை, கணக்கை மேசை போட்டது. இதை மாப்பிள்ளைக்கு வாட்ஸாப்பில் அனுப்பினேன். இரண்டு நீல டிக் வந்தது.