ஆறு வயது ராணி எப்படி ஆள்வாள்?

உங்கள் கதையில் வரும் கற்பனை நாட்டு ராணி ஆறு வயதில் பட்டமேறி மறுநாளே உத்தரவு போடுவது நம்பும்படி இல்லை என்று எழுதியிருந்தீர்கள். வயதை மாற்ற வேண்டாம். ஸ்வீடன் நாட்டு ராணி கிறிஸ்டினாவைப் பாருங்கள். 1632-இல் அப்பா போர்க்களத்தில் இறந்தபோது அவருக்கு ஆறு வயதுகூட நிரம்பவில்லை. முதலமைச்சர் தலைமையில் ஒரு குழுதான் ஆண்டது. 1644-இல், 18 வயதில்தான் அதிகாரம் கைக்கு வந்தது. முடிசூட்டு விழா 1650-இல்! நாலே வருடத்தில் முடியைத் துறந்து ரோமுக்குப் போய்விட்டார்.

அந்தப் பன்னிரண்டு வருட இடைவெளிதான் உங்களுக்குத் தீனி. ராணி பெயரில் முத்திரை குத்தும் அமைச்சர், அதைப் பார்த்துக்கொண்டே வளரும் பிள்ளை. உங்கள் கதையின் டிராகன் சண்டையெல்லாம் அப்புறம் வரட்டும். எனக்கென்னவோ அது இல்லாமலே கதை நிற்கும் என்று படுகிறது.