கராடியின் குரல்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஹங்கேரிய நடிகை கடலின் கராடி பற்றி ஒரு கட்டுரையில் போகிறபோக்கில் ஒரு வரி எழுதியிருந்தீர்கள். தேடிப்பிடித்து அவருடைய முதல் படமான ‘ஹலாலோஷ் தவஸ்’ பார்த்தேன். மன்னிக்கவும், ஏமாற்றம்தான். அவர் நடிக்கவே இல்லையே? நிற்கிறார், பார்க்கிறார், பாடுகிறார், முகத்தில் ஒன்றுமே தெரியவில்லை. யூதக் குழந்தைகளைக் காப்பாற்றியவர் என்பதால்தான் அவரைப் பெரிய நடிகை என்கிறோமா?

ர.

அன்புள்ள ர.,

முதலில் ஒரு சின்ன விஷயம். உங்கள் கடிதத்தில் அவர் பெயரில் துணைக்காலை விட்டுவிட்டீர்கள், அம்மையார் கரடி ஆகிவிட்டார். திருத்தித்தான் போட்டிருக்கிறேன்.

அவருக்கு நடிக்க வராது என்று அந்தக் காலத்திலேயே சொன்னவர்கள் உண்டு. நானும் முழுக்க மறுக்க மாட்டேன். அவர் நடித்த சுமார் இருபது படங்களில் பாதிக்கு மேல் கதை என்று ஒன்று இருப்பதாகவே எனக்குத் தோன்றியதில்லை. ஆனால் நீங்கள் பார்த்த படத்தை இன்னொரு முறை போடுங்கள், இந்தத் தடவை திரையைப் பார்க்காமல் கேளுங்கள். 1930களில் ஹங்கேரிய சினிமா என்றால் பெரும்பாலும் இலகுவான காதல் நகைச்சுவை, நாயகிகள் துள்ளிக்கொண்டே இருப்பார்கள். 1939 டிசம்பரில் அந்தக் கூட்டத்துக்கு நடுவே ஒரு கனத்த, கொஞ்சம் கரகரத்த, ஆண் குரலுக்குப் பக்கத்தில் நிற்கிற குரல் வருகிறது. அது பாடுவதில்லை, பாதி பேசுகிறது, அவசரமே இல்லாமல் வரியின் கடைசிச் சொல்லை இழுத்துவிட்டு அப்படியே விட்டுவிடுகிறது. அப்புறம் அந்த முகம். ஒருவன் இவளுக்காகச் சாகிற கதை அது. இவள் மனதில் என்ன இருக்கிறது என்று முகத்திலேயே தெரிந்துவிட்டால் அவன் ஏன் சாகப்போகிறான்? இயக்குநர் லாஸ்லோ கல்மாருக்கு இது தெரிந்திருக்கிறது. எதிரே நாயகன் பால் யாவோர் எரிந்து தீர்கிறார், இவர் சும்மா நிற்கிறார். புடாபெஸ்ட் பெண்கள் அவரைப் போலத் தலைமுடியை வாரிக்கொள்ள ஆரம்பித்தார்கள்.

இத்தனைக்கும் அவர் 1910இல் புடாபெஸ்டின் தொழிலாளர் பகுதியான கொபான்யாவில் ஒரு செருப்புத் தொழிலாளி வீட்டில், ஏழு பிள்ளைகளில் ஒருவராகப் பிறந்தவர். கான்ஸ்லெர் என்பதுதான் குடும்பப் பெயர். கராடி என்ற பெயரைக் கொடுத்தது ஸோல்தான் எக்யெத் என்ற பத்திரிகையாளர்.

உங்கள் இரண்டாவது கேள்வி நியாயமானது. நடிப்பையும் அந்தச் செயலையும் கலக்கக் கூடாது, கலந்தால் இரண்டுக்குமே மரியாதை இல்லை. 1944 மார்ச்சில் ஜெர்மானியப் படை ஹங்கேரிக்குள் வந்தது. அடுத்த மாதமே ஜெர்மானிய ரகசிய போலீஸான கெஸ்டபோ கராடியைப் பிடித்துக்கொண்டு போனது. உளவுத்துறைத் தலைவராக இருந்த இஷ்த்வான் உய்சாசியின் காதலி என்பதால் எதிரிக்கு உளவு சொன்னார் என்று குற்றச்சாட்டு, சுமார் மூன்று மாதம் அடி உதை. வெளியே வந்தபோது அவர் வீடு கொள்ளையடிக்கப்பட்டிருந்தது. அந்த இலையுதிர் காலத்தில் ஹங்கேரிய நாஜிகளான அம்புச்சிலுவைக் கட்சி ஆட்சியைப் பிடித்து, யூதர்களை டான்யூப் கரையில் வரிசையாக நிறுத்தி ஆற்றுக்குள் சுட்டுத்தள்ளியது. அந்தக் கரையிலிருந்துதான் தன் நகைகளைக் கொடுத்துக் குழந்தைகளை மீட்டுத் தன் வீட்டில் வைத்துக்கொண்டார். நாற்பதுகளில் ஒரு நட்சத்திரம் நகை சேர்ப்பது எதற்கு என்று நாம் நினைத்திருப்போம், அது இதற்கு ஆனது. யூதப் படுகொலைக்கான இஸ்ரேலின் நினைவு நிறுவனமான யாத் வஷேம் 2004இல்தான் அவரைக் கௌரவித்தது, அவர் இறந்து பதினான்கு ஆண்டு கழித்து.

போருக்குப் பிறகு உய்சாசியை சோவியத்துகள் கொண்டுபோனார்கள், கடைசியில் அவர் என்ன ஆனார் என்றே தெரியாமல் போனது. கராடியின் கடைசிப் படம் நாற்பதுகளின் இறுதியில் வந்தது. புதிய ஆட்சிக்கு அவர் வேண்டாத பழைய காலத்தின் மிச்சம். 1951இல் நாட்டை விட்டுக் கிளம்பியவர் ஐரோப்பாவில் சில இடங்கள் சுற்றி பிரேசிலின் சாவோ பாவ்லோவில் தொப்பிக் கடை வைத்தார். 1968இல் நியூயார்க் போனார், அங்கேயும் தொப்பிதான். அதன்பின் படத்தில் நடிக்கவே இல்லை. 1990 பிப்ரவரியில் அங்கேயே இறந்தார், உடல் மட்டும் புடாபெஸ்ட் வந்து ஃபர்கஷ்ரேட் கல்லறையில் அடங்கியது.

உயிரோடு இருக்கும்போது ஒரு முறை ஹங்கேரிக்குக் கூப்பிட்டார்கள், எழுபதாவது பிறந்தநாளை ஒட்டி. அவர் வரவில்லை. தனக்குப் பதிலாக ஒரு தொப்பியை அனுப்பிவைத்தார்.